மணியா, எலியா, சதையா, ஸ்கல்பினா: பிரிஸ்டல் பே டிரவுட்டுக்கு எதைக் கட்டுவது?

அலாஸ்காவின் தென்மேற்கில், இலியம்னா ஏரியைச் சுற்றியும் அதற்குத் தெற்கே காட்மாய் தேசியப் பூங்காவுக்குள்ளும் ஓடும் ஆறுகளுக்கு டிரவுட் மீனைத் தேடி ஃப்ளை ஃபிஷிங் (முடி, இறகு போன்றவற்றால் முள்ளில் கட்டிய போலி இரையால், அதாவது ஃப்ளையால், மீன் பிடிப்பது) கிளம்புகிறவர்கள் எல்லாரும் ஒரு கேள்வியில் வந்து நிற்பார்கள். பெட்டியில் எதை அதிகம் வைப்பது? சால்மன் முட்டையைப் போன்ற பாசிமணியையா, மான் முடியில் செய்த எலியையா, முயல்தோல் நாடாவில் கட்டிய சதைத்துண்டையா, ஆற்றடிக் கற்களுக்குள் ஒளியும் ஸ்கல்பின் மீனின் உருவத்தையா? நான்குக்கும் விட்டுக்கொடுக்காத ஆதரவாளர்கள் உண்டு.

என் நிலையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அந்தந்த வாரத்தில் எது வெல்லும் என்பதை ஆற்றிலுள்ள சால்மன்தான் முடிவு செய்கிறது. ஆனால் எந்த மாதம் போகிறோம் என்று தெரியாமல் ஒன்றே ஒன்றைக் கட்டச் சொன்னால், நான் ஸ்கல்பினைத்தான் கட்டுவேன்.

அந்த ஆறுகளின் ரெயின்போ டிரவுட், நம் நீலகிரியில் அவலாஞ்சிப் பக்கம் வெள்ளைக்காரர் காலத்தில் கொண்டுவந்து விட்ட அதே இனம்தான். ஆனால் நக்னெக், க்விசாக் போன்ற ஆறுகளில் முக்கால் மீட்டர் நீளத்துக்கும் வளர்கிறது. அங்கே அதற்குச் சோறு போடுவது சாக்கை சால்மன். உலகிலேயே சாக்கை மிக அதிகமாகத் திரும்பி வரும் இடம், இந்த ஆறுகள் போய்ச் சேரும் பிரிஸ்டல் பே விரிகுடா. 2022-ல் ஏறத்தாழ 7.9 கோடி மீன்கள் வந்தன. ஜூன் கடைசியில் கடலிலிருந்து ஏறத் தொடங்கி, ஜூலை முதல் வாரத்தில் உச்சத்தைத் தொடும். ஜூலை இறுதியிலிருந்து செப்டம்பர் வரை முட்டையிடும். பிறகு ஒன்று விடாமல் செத்துப்போகும். டிரவுட்டின் ஆண்டுச் சாப்பாட்டில் பெரும்பங்கு இந்தச் சில மாதங்களுக்குள் முடிந்துவிடுகிறது. நான்கு ஃப்ளைகளையும் இந்தக் காலண்டரின் மேல் வைத்துத்தான் எடைபோட வேண்டும்.

முதலில் மணி. பெண் சாக்கை வாலால் கூழாங்கல்லைக் கிளறிக் குழி பறித்து, ஆயிரக்கணக்கில் முட்டை இடுகிறது. குழியில் தங்காதவை நீரோட்டத்தில் உருண்டு வரும். கொஞ்சம் கீழே டிரவுட்டுகள் பந்தியில் உட்கார்ந்ததுபோல வரிசையாகக் காத்திருக்கும். அந்த நேரத்தில் அவற்றுக்கு வேறு எதைக் காட்டினாலும் திரும்பிப் பார்ப்பது அரிது. ஆகஸ்ட் பாதியிலிருந்து செப்டம்பர் நடுப்பகுதி வரை மணியை வெல்ல எதுவும் இல்லை. எனக்கு மணி அவ்வளவாகப் பிடிக்காது, ஆனாலும் இது உண்மை.

மணியில் வேலையே இல்லை என்பவர்கள் அதைச் சரியாகப் பார்க்காதவர்கள். சாக்கையின் முட்டை சிறியது, 6 மி.மீ. மணி அதற்குப் பொருந்தும். அதே ஆற்றில் சினூக் சால்மன் முட்டையிட்டால் 8 முதல் 10 மி.மீ. வேண்டும். புதிதாக விழுந்த முட்டை ஒளி ஊடுருவும் ஆரஞ்சுச் சிவப்பு. செத்த முட்டை வெளுத்து, மங்கி, உள்ளே ஒரு புள்ளி மட்டும் நிறத்தோடு தெரியும். வாரத்துக்கு வாரம் ஆற்றில் இந்த இரண்டின் கலவை மாறுகிறது. அதற்கேற்ப மணிகளுக்கு நகப்பூச்சை ஒன்றின் மேல் ஒன்றாகப் பூசி நிறம் தேடுகிறவர்கள் இருக்கிறார்கள். பூச்சி பறக்கும் நேரத்தில் அதே அளவில் உலர் ஃப்ளை (நீர்மேல் மிதக்கும் பூச்சி உருவம்) தேடும் பொறுமைக்கு அந்தப் பொறுமை குறைந்ததில்லை.

மணியை முள்ளில் கோப்பதில்லை. முள்ளுக்குச் சற்று மேலே தூண்டில் நரம்பில் கோத்து, பல்குத்தும் குச்சியின் முனையைச் செருகி நிறுத்துவார்கள். இந்த இடைவெளிதான் விஷயமே. மீன் மணியைக் கவ்வி, போலி என்று தெரிந்து துப்பும்போது, கீழே வரும் வெறும் முள் தாடையின் வெளிப்பக்கத்தில் ஏறுகிறது. தொண்டைக்குள் போகாதது மீனுக்கு நல்லது. ஆனால் இடைவெளி கூடினால் முள் கண்ணிலோ செவுளிலோ வயிற்றிலோ குத்தும். அதனால்தான் மணியை முள்ளிலிருந்து 2 அங்குலத்துக்குள் நிறுத்த வேண்டும், இல்லாவிட்டால் நரம்பில் தடையின்றி ஓடவிட வேண்டும் என்று அலாஸ்கா சட்டமே போட்டிருக்கிறது. நான் 2 அங்குலத்தையும் எட்டவிடாமல் ஒரு விரல்கடை குறைத்தே வைப்பேன்.

என் மனக்குறை வேறொன்று. மணி வேலை செய்யும் இடமும் சால்மன் முட்டையிட்ட இடமும் ஒன்றே. கிளறப்பட்ட கூழாங்கல் சுற்றியிருப்பதைவிட வெளிறித் தெரியும். அதில் ஒரு காலடி வைத்தால் உள்ளே இருப்பது நசுங்கும். மீன் தொடர்ந்து மாட்டிக்கொண்டிருக்கும் உற்சாகத்தில் ஆட்கள் ஒவ்வொரு அடியாக அந்த வெளிறிய திட்டுக்குள்ளேயே நகர்வார்கள். மணியைத் தேர்ந்தெடுக்கிறவருக்கு அந்தத் திட்டுகளை அடையாளம் காணும் கண் கட்டாயம் வேண்டும்.

எலி இதற்கு நேர் எதிர். எண்ணிக்கையில் நான்கிலும் கடைசி, பார்ப்பதற்கு முதல். கரையோரப் புல்லிலிருந்து ஆற்றில் விழுந்து நீந்தும் வோல் எலிகளையும் மூஞ்சூறுகளையும் டிரவுட் விழுங்கும் என்பது வேட்டைக்காரர் கதை இல்லை. 2013-ல் டோகியாக் தேசிய வனவிலங்குக் காப்பகத்தில் 19 அங்குல டிரவுட் ஒன்றின் வயிற்றில் 20 மூஞ்சூறுகள் இருந்தன. ஆனால் அது எல்லா ஆண்டும் நடக்காது. கரையில் அவை பெருகும் ஆண்டில் மீன் மேலே பார்த்துக்கொண்டிருக்கும். அருகிப்போன ஆண்டில் நாள் முழுக்க எலியை இழுத்தாலும் கை வலிதான் மிச்சம். பருவத்திலும் கட்டுப்பாடு உண்டு: பல ஆறுகள் திறக்கும் ஜூன் 8-லிருந்து முட்டை விழத் தொடங்கும்வரைதான் எலிக்கு முழு வாய்ப்பு. அதிலும் மேகம் மூடிய பகலோ, வடக்கின் நீண்ட மாலையில் வெளிச்சம் தணிந்த பொழுதோ வேண்டும்.

எலி கட்டுவதில் பழைய வழி மான் முடி, புதிய வழி ஃபோம். மானின் முடி உள்ளே காற்றறைகள் கொண்டது. நூலைச் சுற்றி இறுக்கினால் விரிந்து நிமிரும். கொத்துக் கொத்தாக வைத்துப் பின்னுக்குத் தள்ளி நெருக்கி, பிளேடால் செதுக்கினால் கொழுத்த எலியுடம்பு கிடைக்கும். அழகில் அதற்கு ஈடில்லை. ஆனால் இரண்டு மூன்று மீன் கடித்தபின் நீர் குடித்துக் கனக்கும். ஃபோம் நீர் குடிக்காது, அரைமணியில் கட்டிவிடலாம். முதுகுக்கு ஃபோம், அடியில் கொஞ்சம் மான் முடி, வாலுக்கு முயல்தோல் நாடா என்று இரண்டையும் சேர்த்துக் கட்டுவதே என் தேர்வு. அடிப்பக்கம் முடியை ஒட்டச் செதுக்குங்கள். அங்கே தடித்தால் முள் மீனில் ஏறாது. 7 அல்லது 8 எண் ராட் (தூண்டில் கோல்), லைனையும் ஃப்ளையையும் இணைக்கும் குட்டையான தடித்த லீடர் நரம்பு போதும். எதிர்க்கரையை ஒட்டி எறிந்து, நீர்மேல் கோடு விழ இழுத்து வாருங்கள். தண்ணீர் வெடித்ததும் ராடைத் தூக்குகிறவர்கள்தான் அதிகம் இழக்கிறார்கள். முதல் அடியில் மீன் பெரும்பாலும் எலியை மூழ்கடிக்கத்தான் பார்க்கிறது. கையில் கனம் தெரியும்வரை இழுத்துக்கொண்டே இருக்க வேண்டும்.

சதைத்துண்டைப் பற்றிப் பேச அதிகமில்லை. செப்டம்பர் பிற்பகுதியிலும் அக்டோபரிலும் மழை கரையில் கிடக்கும் சால்மன் பிணங்களை ஆற்றுக்குள் கழுவிவிடும்போது அதுதான் சாப்பாடு. வெள்ளை, பழுப்பு, மங்கிய இளஞ்சிவப்பு முயல்தோல் நாடாவை முள்ளில் கட்டினால் வேலை முடிந்தது. இழுக்காமல் ஓட்டத்தோடு மிதக்கவிட வேண்டும். கட்டக் கற்றுக்கொள்கிறவரின் முதல் ஃப்ளையாக இதைத்தான் சொல்வேன். அந்த மாதத்தில் குளிர்காலத்துக்காகக் கொழுத்த மிகப் பெரிய மீன்கள் இதற்குத்தான் வருகின்றன.

மணியும் சதையும் சாக்கை இருக்கும்வரைதான். இலியம்னாவுக்கு வடக்கே, க்விசாக்குக்குப் போகும் அப்பர் டலாரிக் ஓடையும் நுஷகாக்குக்குப் போகும் கொக்டுலி ஆற்றின் கிளைகளும் பிறக்கும் இடத்தில்தான் பெபிள் செம்பு, தங்கச் சுரங்கத் திட்டம் வரவிருந்தது. அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை 2023 ஜனவரியில் தூய நீர்ச் சட்டத்தைக் கொண்டு அதைத் தடுத்தது. எதிர்த்து வழக்குகள் போடப்பட்டிருக்கின்றன. அந்த ஓடைகளுக்காக ஃப்ளை கட்டுகிற எவரும் அந்த வழக்குகளைக் கவனிக்காமல் இருக்க முடியாது என்று நினைக்கிறேன்.

இனி ஸ்கல்பின். ஆற்றடியில் வாழும் பெரிய தலைச் சிறு மீன். காற்றுப்பை இல்லாததால் மிதக்காது; கல்லுக்குக் கல் தாவி ஒளியும். சால்மன் முட்டையை அதுவும் தின்னும், ஆகவே முட்டை இருக்கும் இடத்தில் இதுவும் இருக்கும். ஆண்டு முழுக்க ஆற்றைவிட்டு எங்கும் போகாது. இந்த நான்கில் ஜூனிலும் அக்டோபரிலும் ஒரேபோல டிரவுட்டின் வாய்க்கு எட்டும் இரை இது ஒன்றுதான்.

இதைப் போலக் கட்டிய மட்லர் மின்னோ என்ற ஃப்ளை பிறந்ததும் ஒரு வடக்கத்திக் காட்டாற்றில்தான். கனடாவின் ஒன்டாரியோவில் சுப்பீரியர் ஏரிக்குள் விழும் நிபிகான் ஆற்றில், புரூக் டிரவுட்டுக்காக டான் கேபன் 1930-களின் பிற்பகுதியில் கட்டினார். நூறாண்டு கடந்தும் முறியடிக்கப்படாத பதினான்கரை பவுண்டு புரூக் டிரவுட் சாதனையும் அந்த ஆற்றுடையது. பொன்னிற டின்சல் (மின்னும் இழை) உடல், வான்கோழி இறகுச் சிறகு, அணில் முடி, மான் முடியில் விரிந்த தலை. பிறகு மொன்டானாவின் டான் பெய்லி தலையை நெருக்கிக் கட்டிச் செதுக்கிப் பரப்பினார்.

மட்லரில் ஒரு முரண் இருக்கிறது: அடியில் வாழும் மீனைப் போல இருக்க வேண்டியது, மிதக்கும் முடியால் தலை கட்டப்படுகிறது. ஆழமான ஓட்டத்துக்கு உலோகக் கண்கள் வைத்துக் கட்டலாம். அல்லது தலைக்கு மான் முடிக்குப் பதில் ஆட்டுக் கம்பளி வைக்கலாம். அது நீரைக் குடித்துத் தானே இறங்கும். நக்னெக் போன்ற பெரிய ஆற்றில் கம்பளித் தலை, மூழ்கும் முனை கொண்ட லைன் என்று போனால் தவறாது. முடித்தலைக்கும் வேலை உண்டு. அதில் மிதவைப் பசை தடவி நீர்மேல் இழுத்தால் அரை எலி ஆகிவிடும். சிறிய முள்ளில் வெளிறிய நிறத்தில் கட்டினால், ஜூனில் கடலுக்கு இறங்கும் சால்மன் குஞ்சாகவும் கடி வாங்கும். மணி மாதத்தில் மட்டும் இது தோற்கும். அப்போதும் ஆற்றின் மிகப் பெரிய மீன் சில நேரம் முட்டையை விட்டுவிட்டு இதன்மேல் பாய்கிறது.

எனவே ஆகஸ்ட் பயணம் என்றால் மணியை வாங்கிக்கொண்டு, கட்டும் நேரத்தையெல்லாம் ஸ்கல்பினுக்குக் கொடுங்கள். கறுப்பும் ஆலிவும் போதும். கண்ணுக்கு ஈயம், முள்ளின் எதிர்முள்ளை இடுக்கியால் நசுக்கிவிட வேண்டும். அந்த ஆறுகள் பலவற்றில் இயற்கை இரைக்குத் தடை, ஒற்றை முள் மட்டுமே அனுமதி. புரூக்ஸ் போன்ற ஆற்றில் ஃப்ளை மட்டும்தான். தென்மேற்கு அலாஸ்காவுக்கென்று மாநில மீன்வளத் துறை போடும் அந்தந்த ஆண்டின் விதிப்புத்தகத்தை, வைஸில் (ஃப்ளை கட்டும்போது முள்ளைப் பிடித்துக்கொள்ளும் இடுக்கியில்) முதல் முள்ளை மாட்டுவதற்கு முன்பே படித்துவிடுங்கள். முள்ளின் அளவும் ஈயம் எங்கே இருக்கலாம் என்பதும் ஆற்றுக்கு ஆறு மாறும். கட்டி முடித்த பிறகு தெரிந்தால் மொத்தத்தையும் பிரித்துக் கட்ட வேண்டிவரும்.