கீமோ ஏற்றிய பிறகு எங்கே இருப்பது: வாட்டிலா, ஊரிலா, டவுனிலா?

மட்டக்களப்பு போதனா வைத்தியசாலையில் புற்றுநோய்க்குக் கீமோ மருந்து ஏற்றிக்கொண்டு வாகரைக்கும் படுவான்கரைக்கும் பொத்துவிலுக்கும் திரும்பிப் போகிறவர்கள் இருக்கிறார்கள். வீட்டுக்குப் போகலாம் என்று துண்டு வெட்டிவிட்டார்கள் என்றதும் எல்லாருக்கும் பெரிய நிம்மதி. அடுத்த இரண்டு கிழமையை எங்கே கழிப்பது என்பதையும் அப்போதே பேசி முடிவெடுக்க வேண்டும்.

பெரும்பாலான கீமோ மருந்துகளுக்கு ஏழாம் நாளிலிருந்து பதினாலாம் நாள் வரைதான் கிருமியை எதிர்க்கும் இரத்த வெள்ளணுக்கள் ஆகக் குறைந்து போகும். அந்த நாட்களில் காய்ச்சல் 38 டிகிரியைத் தொட்டால், பரனைட்டில் 100.4, அது சாதாரணக் காய்ச்சல் இல்லை. ஆஸ்பத்திரிக்குப் போய் ஒரு மணித்தியாலத்துக்குள் நரம்பு வழியாக அன்டிபயோட்டிக் ஏற வேண்டும். நான் மூன்று இடங்களையும் முதலில் எடை போடுவது இதை வைத்துத்தான்.

வாட்டில் இருந்தால் இந்தப் பயம் குறைவு. நேர்ஸ் காய்ச்சல் பார்ப்பார், சேலைன் ஏறும் கையில் எரிவோ வீக்கமோ என்றால் உடனே நிறுத்துவார். கீமோ மருந்து நரம்புக்கு வெளியே கசிந்தால் சதையே புண்ணாகிவிடும் என்பதால் அந்தக் கண் பெரிய காவல். ஆனால் கட்டில்கள் நெருக்கம், பக்கத்துக் கட்டிலில் இருமல், இரவில் நித்திரை இல்லை. வெள்ளணு குறைந்தவருக்கு அந்தக் கூட்டமே ஆபத்து. கட்டாயம் வந்தால் ஒழிய வாட்டிலேயே நாளைக் கழிப்பது சரியென்று எனக்குப் படவில்லை.

ஊர் வீட்டில் மனசு ஆறும், வாய்க்குப் பிடித்த கஞ்சி கிடைக்கும். அங்கேதான் கவனமும் தளர்கிறது. கீமோ ஏற்றினது என்று தெரிந்தால் சொந்தம் முழுக்கப் பார்க்க வரும். தடிமன் பிடித்தவரும் வந்து கையைப் பிடித்துக்கொண்டு அழுவார். 'வாசலில் நின்று கதையுங்கோ மாமி' என்று சொல்ல வீட்டில் ஒருவர் துணிய வேண்டும். உடம்புக்குக் குளிர்ச்சி என்று சட்டித் தயிரும் பச்சை வல்லாரைச் சம்பலும் வரும். காய்ச்சாத பாலில் உறைந்த தயிரும் சமைக்காத கீரையும் அந்த இரண்டு கிழமைக்கு வேண்டாம். கிணற்றுத் தண்ணீரைக் கொதிக்க வைத்து ஆற்றிக் கொடுங்கள். வாய்ப்புண்ணுக்கு ஒரு லீற்றர் கொதித்து ஆறிய தண்ணீரில் ஒரு தேக்கரண்டி உப்பும் ஒரு தேக்கரண்டி அப்பச்சோடாவும் கரைத்து, சாப்பாட்டுக்குப் பிறகும் படுக்கப் போகும்போதும் கொப்பளிக்கச் சொல்லுங்கள். விழுங்கக் கூடாது.

எல்லாவற்றையும் விடப் பெரிய தவறு, மேல் சுட்டதும் பனடோல் கொடுத்துப் படுக்க வைப்பது. பனடோல் காய்ச்சலை மறைக்கும், கிருமியைக் கொல்லாது. முதலில் தேர்மோமீற்றர். 38 என்றால் விடியும்வரை காத்திராமல் கிளம்ப வேண்டும். வாகனம் இல்லையென்றால் 1990 என்ற இலக்கத்துக்கு அடித்து சுவசெரிய அம்புலன்ஸைக் கூப்பிடுங்கள், அது இலவசம். பொத்துவிலிலிருந்து மட்டக்களப்பு நூறு கிலோமீட்டருக்கு மேல். அவ்வளவு தூரம் நேரே போக நினைக்காமல், பக்கத்து ஆஸ்பத்திரியில் முதல் அன்டிபயோட்டிக் ஊசியைப் போட்டுவிட்டு மட்டக்களப்புக்கு மாற்றச் சொல்லுங்கள். கிளினிக் கொப்பியை எடுத்துப்போய், கீமோ ஏற்றிய திகதியை வாசலிலேயே சொல்லுங்கள்.

அதனால்தான் தூர ஊர்க்காரருக்கு நான் சொல்வது மூன்றாவது வழி. மட்டக்களப்பு டவுனிலோ ஆரையம்பதியிலோ சொந்தக்காரர் வீடு இருந்தால், முதல் இரண்டு சுற்றுக்காவது அந்த ஆபத்தான கிழமையை அங்கே கழிப்பது. தனி அறை, தனிப் பாத்திரம், ராத்திரியிலும் கூப்பிடக்கூடிய ஓட்டோ இருந்தால் போதும். பிறத்தியார் வீட்டில் கிடப்பது கூச்சம்தான். அந்த வீட்டுச் செலவில் பங்கெடுத்தால் கூச்சம் கொஞ்சம் குறையும். ஏறாவூர், செங்கலடி ஆட்களுக்கு இது தேவையே இல்லை, ஊரிலிருந்தே ஓடி வந்துவிடலாம்.

இனிச் சிகிச்சை வேண்டாம், வேதனை தெரியாமல் இருந்தால் போதும் என்ற கட்டத்துக்கு வந்தவருக்கு இந்தக் கணக்கு அப்படியே மாறிவிடும். அவருக்குச் சொந்த வீடுதான் முதலிடம். வலி மருந்தான மோர்ஃபின் கொடுத்தால் வலி வரும்வரை பார்த்திருக்காமல் டொக்டர் எழுதிய நேரத்துக்கு நேரம் கொடுங்கள். வலிக்கு அளவோடு கொடுத்தால் அடிமையாகிவிடுவார் என்ற பயம் வேண்டாம். மலச்சிக்கல் பெரும்பாலும் வரும், ஆகவே அதற்கான மருந்தையும் முதல் நாளே கேட்டு வாங்குங்கள். எழும்ப முடியாதவரை இரண்டு மணித்தியாலத்துக்கு ஒருமுறை புரட்டிப் படுக்க வையுங்கள். எப்படிப் புரட்டுவது என்பதை வாட்டை விட்டு வரும் முன்னே நேர்ஸிடம் ஒருமுறை செய்து காட்டச் சொல்லிக் கேளுங்கள்.