யூரோபாஸ்கெட் ‘ஃபைனல் பாஸ்’ விற்றவர்கள் 39.98 யூரோவை விழுங்கிவிட்டார்கள், நீங்களாவது மாட்டாதீர்கள்

39.98 யூரோ. ஒரே ஒரு கூடைப்பந்து ஆட்டம் பார்க்க. அதில் இரண்டாம் பாதியைக் கிட்டத்தட்டக் காட்டவே இல்லை. 2025 செப்டம்பர் 14, ஞாயிற்றுக்கிழமை லாட்வியாவின் ரீகாவில் நடந்த யூரோபாஸ்கெட், அதாவது ஐரோப்பிய நாடுகளின் கூடைப்பந்துப் போட்டியின் இறுதி ஆட்டத்தைத்தான் சொல்கிறேன். ஜெர்மனி 88, துருக்கி 83. இந்த ஸ்கோரே செய்தியைப் பார்த்துத்தான் தெரிந்தது. பணம் வாங்கிய தளத்தில் அந்த நேரத்தில் வேறொரு ஆட்டம் ஓடிக்கொண்டிருந்தது, மூலையில் சிவப்பாக ‘லைவ்’ என்ற முத்திரையோடு!

தளத்தின் பெயரைப் போடவில்லை. போட்டால் முதல் வேலையாகப் பதிவைத் தூக்க வைப்பார்கள். தவிர, இவர்கள் போட்டிக்கு ஒரு பெயரில் கடை விரிக்கிற கூட்டம், அடுத்த போட்டிக்கு இந்தப் பெயர் இருக்காது. வகையை மட்டும் சொல்கிறேன், அதுவே போதும். எந்தத் தொலைக்காட்சி நிறுவனத்தையும் சேராதது. செயலி கிடையாது, பிரவுசரில் மட்டும் ஓடும். மாதச் சந்தா பற்றி முகப்பில் ஒரு வார்த்தை இருக்காது, ‘ஒரு ஆட்டம், ஒரு பாஸ்’ என்றுதான் விற்பார்கள். எதையெல்லாம் பார்த்து உஷாராக வேண்டும் என்று கடைசியில் விரிவாகத் தருகிறேன். முதலில் நடந்ததைக் கேளுங்கள்.

நம்ப வைத்தது அரையிறுதியில். 12-ஆம் தேதி துருக்கியும் கிரீஸும் ஆடிய ஆட்டத்தின் முதல் குவார்ட்டரை இலவசமாகக் காட்டினார்கள். மின்னஞ்சல் கேட்கவில்லை, அட்டை எண் கேட்கவில்லை. படம் அவ்வளவு சுத்தம். விநாடிக்கு 50 ஃபிரேம் இருந்தால்தான் ஃபாஸ்ட் பிரேக்கில் (எதிரணி திரும்புமுன் ஓடிப்போய்த் தாக்கும்போது) கேமரா வேகமாகத் திரும்பும்போது பந்து கோடாக இழுபடாது. அது இழுபடவில்லை. ஆட்டக் கடிகாரமும் 24 விநாடிக் கடிகாரமும் தெளிவாகத் தெரிந்தன. பத்து நிமிட ஆட்டம் முடிந்ததும் திரை நின்றது. ‘ஃபைனல் பாஸ் 24.99 யூரோ’ என்று ஒரு பெட்டி. கீழே போட்டியின் சின்னம், ‘அதிகாரப்பூர்வ பங்குதாரர்’ என்ற வரி, அதற்கும் கீழே தடித்த எழுத்தில் ‘ஆட்டம் ஓடாவிட்டால் முழுப் பணமும் திரும்பும்’. சரக்கைக் கண்ணால் பார்த்தாகிவிட்டது, உத்தரவாதமும் எழுத்தில் இருக்கிறது. வேறென்ன வேண்டும்?

அந்த இலவசக் குவார்ட்டர் ஏன் அவ்வளவு நன்றாக ஓடியது என்பது இப்போது புரிகிறது. இந்த மாதிரித் தளங்கள் சொந்தமாக எதையும் ஒளிபரப்புவதில்லை. உரிமை வாங்கிய ஏதோ ஒரு சேனலின் ஸ்ட்ரீமைப் பிடித்து, மறுபடி என்கோட் செய்து (படத்தைச் சுருக்கி வேறு கோப்பாக மாற்றி), தங்கள் சர்வர் வழியாக விடுகிறார்கள். பார்க்கிற கூட்டம் குறைவாக இருந்தால் சர்வர் தாங்கும், படமும் நன்றாக இருக்கும். அரையிறுதியில் பத்து நிமிடத்துக்கு நல்ல சர்வர் ஒன்றை ஒதுக்குவது பெரிய செலவல்ல, தூண்டிலுக்குப் புழு வைப்பதுதான். இறுதி ஆட்டத்தில் இரண்டு விஷயம் சேர்ந்து வருகிறது: கூட்டமும் பல மடங்கு, திருட்டு ஸ்ட்ரீமைத் தேடி அடைக்கிற உரிமைதாரர்களின் ஆட்களும் அன்றைக்குத்தான் விழிப்பாக இருப்பார்கள். ஆக, எந்த ஆட்டத்துக்குக் காசு வாங்குகிறார்களோ அதுதான் அறுந்து போக அதிக வாய்ப்புள்ள ஆட்டம். இது அவர்களுக்கு நன்றாகவே தெரியும்.

பணம் கட்டும் பக்கத்தில் ஒரு சின்னப் பெட்டியில் டிக் போடாமல் நகர முடியாது. ‘சேவையை உடனே தொடங்கச் சம்மதிக்கிறேன், 14 நாள் விலகல் உரிமையை இழப்பேன் என்று அறிவேன்’ என்ற வாசகம். மனம் மாறினால் 14 நாளுக்குள் விலகிப் பணத்தைத் திரும்ப வாங்கும் உரிமைதான் அது. ஐரோப்பிய ஒன்றியச் சட்டப்படி ஒழுங்கான தளங்களும் இதைக் கேட்கும், அதனால் இதை வைத்து மட்டும் மோசடி என்று சொல்ல முடியாது. ஆனால் இந்தப் பெட்டியைப் பிற்பாடு எப்படிப் பயன்படுத்தினார்கள் என்று கீழே வருகிறது.

ஞாயிறு இரவு ரீகா நேரம் ஒன்பது மணிக்கு இறுதி ஆட்டம். வீரர்கள் வார்ம்-அப் செய்யும்போதே படம் மங்கல். முகம் தெரியவில்லை, ஜெர்சி எண் தெரியவில்லை. உடனே இன்னொரு பெட்டி: ‘உங்கள் பாஸ் சாதாரணத் தரம், எச்டி வேண்டுமென்றால் 14.99’. அரையிறுதியில் காட்டிய தரம் இலவசம், காசு கொடுத்தவனுக்கு மங்கல்! ஆட்டம் தொடங்க இன்னும் பத்து நிமிடம்தான் இருக்கிறது, அந்த நேரத்தில் யார் வாதாடிக்கொண்டிருப்பார்கள்? 24.99 உடன் 14.99. மொத்தம் 39.98.

‘எச்டி’ வந்தது. அளவு 1080 என்று பிளேயர் காட்டியது, ஆனால் அது சின்னப் படத்தைப் பெரிதாக இழுத்து விட்டது. 50 ஃபிரேம் உள்ள 1080 படத்துக்குப் பொதுவாக விநாடிக்கு 6 மெகாபிட்டாவது வேண்டும், அதாவது மணிக்குச் சுமார் 2.7 ஜிபி. இங்கே ஒரு மணி நேரத்தில் செலவான டேட்டா 1 ஜிபி கூட இல்லை. மூன்று புள்ளி எறிதல் கையை விட்டதும் பந்து மறைந்து, வலைக்குப் பக்கத்தில் மறுபடி முளைத்தது. வலது மேல் மூலையில் சதுரமாக ஒரு மங்கல் பட்டை, ஆட்டம் முழுக்க நகரவே இல்லை. அதற்கு அடியில் இருப்பது ஏதோ சேனலின் லோகோ. உரிமை வாங்கியவர்களுக்குப் பொதுவாகச் சேனல் லோகோ இல்லாத மூலப் படம்தான் போகும். முறையாக வாங்கியவனுக்கு மூலையில் எதையும் மறைக்க வேண்டிய அவசியமே இல்லை.

தாமதம் வேறு. ஸ்ட்ரீமைச் சாதாரணமாக ஆறு விநாடித் துண்டுகளாக வெட்டி அனுப்புவார்கள், பிளேயர் மூன்று துண்டாவது சேர்த்துக்கொண்டுதான் ஓடத் தொடங்கும். அதுவே 18 விநாடி. திருடி மறுபடி வெட்டினால் இதே கணக்கு இரண்டாம் முறை கூடும். கூடைப்பந்தில் ஒரு தாக்குதலுக்கே 24 விநாடிதான். ஸ்கோர் செயலி கூடை விழுந்ததைச் சொல்லி முடித்தபின்தான் இங்கே பந்தையே கொண்டு வருகிறார்கள்.

இதையெல்லாம்கூட மன்னித்துவிடலாம். இரண்டாம் பாதி தொடங்கிச் சில நிமிடத்தில் திரை கறுத்தது. வட்டம் சுற்றியது. சுற்றிக்கொண்டே இருந்தது. பிறகு ‘ஸ்ட்ரீம் மீண்டது’ என்று ஒரு வரி. அதே அரங்கம், அதே தரை, அதே துருக்கி அணி, அதன் நட்சத்திரம் அல்பரென் ஷெங்குன் போஸ்ட்டில் (கூடைக்கு அருகே) பந்து கேட்டு நிற்கிறார், மூலையில் ‘லைவ்’. எல்லாம் சரி. ஆனால் அவருக்கு எதிரே நிற்பது செர்பியாவின் நிகோலா யோகிச்! செர்பியா 16 அணிச் சுற்றிலேயே பின்லாந்திடம் தோற்று வீட்டுக்குப் போய்விட்டது. இவர்கள் ஓட்டியது 3-ஆம் தேதி நடந்த பிரிவு ஆட்டம், துருக்கி 95-90 என்று ஜெயித்தது. துருக்கியின் பிரிவு ஆட்டங்களும் ரீகாவில்தான் நடந்தன என்பதால் தரையும் விளம்பரப் பலகையும் வித்தியாசம் காட்டாது என்று கணக்குப் போட்டிருக்கிறார்கள். கூடைப்பந்து பார்க்கிறவனுக்கு யோகிச்சைத் தெரியாதா? என்ன ஒரு துணிச்சல்!

அந்தப் பக்கம் உண்மையான ஆட்டத்தில் ஷெங்குன் 28 புள்ளி எடுத்திருக்கிறார், ஜெர்மனியின் டென்னிஸ் ஷ்ரோடர் கடைசி நேரத்தில் ஆட்டத்தைப் பிடுங்கியிருக்கிறார், தொடரின் சிறந்த வீரர் விருதும் அவருக்கே. 1993-க்குப் பிறகு ஜெர்மனிக்கு இந்தக் கோப்பை. நான்காவது குவார்ட்டரின் கடைசி 2 நிமிடத்தில் கூடை விழுந்தாலும் கடிகாரம் நிற்கும், டைம்-அவுட், ஃபவுல், ஃப்ரீ த்ரோ என்று அந்த 2 நிமிடம் பல மடங்கு நீளும். ஃபைனலின் உயிரே அதுதான். 39.98 யூரோ கொடுத்தும் அதில் ஒரு விநாடி பார்க்கக் கிடைக்கவில்லை.

இனி வாடிக்கையாளர் சேவை என்ற நாடகம். சாட் பெட்டியில் முதல் பதில்: கேஷை (பிரவுசர் சேமித்து வைத்த தற்காலிகக் கோப்புகளை) அழியுங்கள், வேறு பிரவுசரில் முயலுங்கள். வேறொரு ஆட்டம் ஓடுகிறது என்று ஸ்கிரீன்ஷாட் அனுப்பினால் பதில்: உங்கள் இணைய வேகம் போதவில்லை. வேகம் குறைந்தால் யோகிச் வருவாரா? அடுத்து வந்தவர், ‘எங்கள் பதிவேட்டின்படி உங்கள் கணக்கில் 2 மணி நேரத்துக்கு மேல் வீடியோ ஓடியிருக்கிறது, எனவே சேவை வழங்கப்பட்டுவிட்டது’ என்றார். ஓடியது என்ன வீடியோ என்பது அவருக்குப் பிரச்சினையே இல்லை. அதற்கடுத்து அந்த டிக் பெட்டி: நீங்கள்தான் விலகல் உரிமையை விட்டுக்கொடுத்தீர்களே! இது பச்சைப் பொய். மனம் மாறித் திருப்பித் தருவது வேறு, வாங்கிய பொருளே வராமல் போவது வேறு. முதலாவதைத்தான் அந்தப் பெட்டி தடுக்கும். இதைச் சொன்னதும் ‘நல்லெண்ண அடிப்படையில்’ அடுத்த மாதச் சந்தாவில் 20 சதவீதம் தள்ளுபடி தருவதாக ஒரு மின்னஞ்சல். மாதச் சந்தாவா? அப்போதுதான் வெளிச்சமாயிற்று: ‘ஒரு ஆட்டம், ஒரு பாஸ்’ என்று விற்றது உள்ளே தானாகப் புதுப்பிக்கும் மாதச் சந்தா. இன்று காலை புகாரை ‘தீர்க்கப்பட்டது’ என்று மூடியே விட்டார்கள்.

இணைய வேகம் என்று உங்களிடமும் சொல்வார்கள், அதனால் ஆதாரம் எடுக்கும் வழி: உங்கள் பக்கம் வேகம் குறைந்தால் பிளேயர் முதலில் தரத்தைப் படிப்படியாக இறக்கும், படம் மங்கும், அதற்குப் பிறகுதான் நிற்கும். மங்காமல் சட்டென்று கறுத்தால் பெரும்பாலும் கோளாறு அவர்கள் பக்கம். கணினியில் எஃப்12 அழுத்தி நெட்வொர்க் பகுதியைத் திறந்து வையுங்கள். வீடியோத் துண்டுகளுக்கு எதிரே 403 அல்லது 404 என்று வரிசையாக வந்தால் சர்வர் அந்தத் துண்டைத் தர மறுக்கிறது அல்லது அங்கே அது இல்லவே இல்லை என்று அர்த்தம். கணினிக் கடிகாரமும் சேர்ந்து தெரிகிற மாதிரி ஸ்கிரீன்ஷாட் எடுங்கள். அன்று எடுத்து வைத்த படங்கள்தான் இப்போது வங்கிக்குப் போயிருக்கின்றன.

வங்கியில் ஒரு விஷயம் முக்கியம். ‘என் அனுமதியில்லாமல் எடுத்துவிட்டார்கள்’ என்று புகார் போடாதீர்கள். பணம் கட்டியது நீங்கள்தான், உங்கள் போனுக்கு வந்த குறியீட்டைப் போட்டதும் நீங்கள்தான், அந்தக் காரணத்தில் புகார் உடனே தள்ளுபடியாகும். ‘வாங்கிய சேவை வழங்கப்படவில்லை’ என்பதுதான் சரியான காரணம். பெரும்பாலான அட்டைகளுக்கு 120 நாள் அவகாசம் உண்டு, ஆனாலும் தள்ளிப்போடாதீர்கள், தளமே காணாமல் போய்விடும். 24.99, 14.99 இரண்டும் தனித்தனிப் பரிவர்த்தனை என்பதால் தனித்தனியாகப் புகார் போட வேண்டும், ஒன்றை மட்டும் போட்டால் ஒன்றுக்குத்தான் பதில் வரும். கணக்கு அறிக்கையில் தளத்தின் பெயர் இல்லை, சம்பந்தமே இல்லாத ஒரு வணிகப் பெயர் இருக்கிறது. தேடும்போது தொகையை வைத்துத் தேடுங்கள்.

விரிவாக எழுதுகிறேன் என்றேன். கோபத்தில் கை ஓடவில்லை, அவசரத்துக்குச் சில மட்டும். ஒளிபரப்பு உரிமையை நாடு நாடாகத்தான் விற்கிறார்கள். எந்த நாட்டில் யார் காட்டுகிறார்கள் என்று ஃபிபா (சர்வதேசக் கூடைப்பந்துக் கூட்டமைப்பு) பெரிய போட்டிகளுக்குப் பட்டியல் வெளியிடும், அதில் இல்லாத தளத்துக்குக் காசு கொடுக்காதீர்கள், சின்னம் போட்டிருந்தாலும் சரி. படத்தின் மூலையில் மங்கல் பட்டை தெரிந்தால் அந்த நிமிடமே மூடுங்கள். ஆட்டம் தொடங்கப் பத்து நிமிடம் இருக்கும்போது வருகிற எந்தப் பெட்டியிலும் காசு போடாதீர்கள். பாஸ் வாங்கியிருந்தால் இப்போதே கணக்கில் போய் ‘தானாகப் புதுப்பித்தல்’ இருக்கிறதா என்று பாருங்கள். அணைக்க வழியே இல்லையென்றால் அட்டையை முடக்கிப் புதிது வாங்குங்கள்.

ஆடவர் கூடைப்பந்து உலகக் கோப்பை 2027 ஆகஸ்ட் கடைசியில் கத்தாரில் தொடங்குகிறது, இதே ஆட்கள் வேறு பெயரில் இலவசக் குவார்ட்டரோடு வருவார்கள். இந்த இறுதி ஆட்டத்தைத் தவறவிட்டவர்கள் யாருக்கும் காசு கொடுக்க வேண்டாம், ஃபிபாவின் யூட்யூப் சேனலில் ஹைலைட்ஸ் இலவசமாகவே இருக்கிறது. 39.98 யூரோ பற்றி வங்கி பதில் சொன்னதும் இங்கேயே கீழே எழுதுகிறேன்.