கட்டியக்காரனுக்காகவே இந்த கூத்து ஜமாவ (குழுவ) கூப்பிடலாம்

பென்னாகரம் பக்கம் எங்க ஊர் திரௌபதி அம்மன் திருவிழாவுக்கு மூணு ராத்திரி கூத்து வெச்சோம். வேஷம், முகவீணை, மிருதங்கம் எல்லாம் நல்லாவே இருந்துச்சு, ஆனா நான் எழுத உக்காந்தது, ராஜா வர்றத அறிவிச்சு நடுநடுவுல நையாண்டியும் பண்ற கட்டியக்காரன பத்தி சொல்லத்தான்.

ரெண்டாம் நாள் கிருஷ்ணன் தூது. துரியோதனனுக்கு கட்டியம் சொல்ல வந்தவரு நடுவுல நிறுத்திட்டு, "நம்ம தகடூர்லேருந்தும் ஒரு அம்மா தூது போச்சு தெரியுமா"ன்னு ஔவையார எடுத்தாரு. தகடூர்னா இப்போதைய தர்மபுரி. அந்த ஊர் ராஜா அதியமானுக்காக எதிரி ராஜா தொண்டைமான்கிட்ட போன ஔவைக்கு அவன் ஆயுதசாலைய பெருமையா காட்ட, அந்தம்மா, உங்க வேலெல்லாம் மயில்பீலி கட்டி நெய் பூசி பளபளன்னு இருக்கு, எங்க ராஜா வேல் முனை உடைஞ்சு கொல்லன் பட்டறையில கெடக்குதுன்னு சொல்லிச்சாம். நீ சண்டையே பார்க்காதவன்னு அர்த்தம், புகழ்ற மாதிரியே குத்து. புறநானூறு 95ம் பாட்டு இது, நம்ம மண்ணு அரசியல் நையாண்டிக்கு எவ்ளோ வயசு பாருங்க.

அதோட விடல. "அதியமான் எங்க ஆளு", "இல்ல எங்க ஆளு"ன்னு டிவி விவாதத்துல கத்துற ரெண்டு பேரயும் அவரே மாத்தி மாத்தி நடிச்சாரு. "பாட்டனோட பாட்டன் பேரு கேட்டா முழிக்கற, ரெண்டாயிரம் வருஷத்து ராஜாவுக்கு சாதி சர்டிபிகேட் குடுக்கறியா"ன்னாரு பாருங்க, கூட்டமே சிரிச்சுது. எனக்கு கண்ணு கலங்கிடுச்சு, போன வருஷம் இதே பேச்சுலதான் எங்க தெருவுல ரெண்டு பசங்களுக்கு மண்டை உடைஞ்சுச்சு. 1981ல திருக்கோவிலூர் பக்கம் ஜம்பையில கெடச்ச தமிழி (பழைய தமிழ் எழுத்து) கல்வெட்டுல இருக்கறது, சதியபுதோ (ராஜாவோட பட்டப்பேரு) அதியன் நெடுமான் அஞ்சி குடுத்த பாளி, அவ்ளோதான். பாளின்னா துறவிங்க தங்கற குகை. பேரும் குடுத்த தானமும்தான் இருக்கு, சாதி இல்ல, அதயும் மேடையிலயே சொன்னாரு.

குறைன்னா, பத்து மணின்னு சொல்லி பதினொண்ணுக்குதான் ஆரம்பிச்சாங்க, ரெண்டு மணிக்கு மேல ரெட்டை அர்த்த பேச்சு ஜாஸ்தி, பொம்பளைங்க கொழந்தைங்க உக்காந்திருக்கற எடத்துல அது வேணாம்.

இன்னொண்ணு, அந்த ஔவையும் ஆத்திசூடி பாடுன ஔவையும் ஒரே ஆளுன்னு சொல்லிட்டாரு. காலையில டீ குடிக்கறப்ப, அண்ணா, ஆத்திசூடி ஔவை பல நூறு வருஷம் கழிச்சு வந்தவங்கன்னு சொன்னேன், எங்க படிச்சேன்னு ரொம்ப நேரம் கேட்டுக்கிட்டாரு. மூணாம் நாள் மேடை ஏறுனதும் மொத வேலையா, "நேத்து நான் தப்பா சொல்லிட்டேன் சாமி"ன்னு கைகூப்பி அத திருத்திட்டுதான் பாட்டே ஆரம்பிச்சாரு. அடுத்த வருஷத்துக்கும் இவங்களுக்கே அட்வான்ஸ் குடுத்தாச்சு.