ஒயிட் ஸ்ட்ரைப்ஸா, பிளாக் கீஸா?

கிட்டாருக்கு ஒருவர், டிரம்ஸுக்கு ஒருவர், அவ்வளவுதான் இந்த இரண்டு ராக் இசைக்குழுக்களும். அமெரிக்காவின் டெட்ராய்ட்டில் 1997-ல் தொடங்கியது ஒயிட் ஸ்ட்ரைப்ஸ். ஒஹையோவின் ஆக்ரன் நகரில் 2001-ல் பிளாக் கீஸ். இரண்டும் சின்ன சுயாதீன இசைத்தட்டு நிறுவனங்களில் ஆரம்பித்தவை. ஒற்றுமை அதோடு சரி.

ஒயிட் ஸ்ட்ரைப்ஸில் கிட்டார் வாசித்த ஜாக் ஒயிட்டுக்கு எதிலும் ஒரு கட்டுப்பாடு வேண்டும். உடை சிவப்பு, வெள்ளை, கறுப்பில் மட்டும். 2003-ல் வந்த 'எலிஃபன்ட்' ஆல்பத்தின் பெரும்பகுதி லண்டனில் பழைய எட்டு டிராக் டேப் கருவியில் பதிவானது. அதில் வரும் 'செவன் நேஷன் ஆர்மி' பாட்டின், கால்பந்து மைதானங்களில் கூட்டமே முழங்கும் அந்த மெட்டு பேஸ் கிட்டார் போல ஒலித்தாலும் சாதாரண கிட்டார்தான்; ஒலியை மாற்றும் பெடலை வைத்து ஒரு ஸ்தாயி கீழே இறக்கிவிட்டார். டிரம்ஸ் வாசித்த மெக் ஒயிட்டை அக்கா என்று சொல்லிக்கொண்டார். உண்மையில் முன்னாள் மனைவி! நல்ல விளம்பரம், வேறென்ன.

பிளாக் கீஸிடம் இந்த ஜோடனை கிடையாது. டான் ஆவர்பாக்கும் பேட்ரிக் கார்னியும் இரண்டாவது ஆல்பத்தை கார்னி வீட்டு நிலவறையில் சுமார் 14 மணி நேரத்தில் முடித்தார்கள்; மூன்றாவதை மூடிக்கிடந்த டயர் தொழிற்சாலையில். அப்புறம் ஊர் ஊராக வாசிப்பு. 2010-ல் 'பிரதர்ஸ்' ஆல்பம் வந்த பிறகுதான் பெரிய அரங்குகள்.

ஒயிட் ஸ்ட்ரைப்ஸ் ஆறு ஆல்பங்களோடு 2011-ல் கலைந்தது. பிளாக் கீஸ் இன்னும் ஓடுகிறது; ஆனாலும் 2024-ல் வட அமெரிக்கச் சுற்றுப்பயணத்தை ரத்து செய்ய வேண்டிவந்தது. கேட்பதற்கு என் ஓட்டு ஒயிட் ஸ்ட்ரைப்ஸுக்கு. இசையை நம்பிப் பிழைக்கப்போகும் இருவர் என்றால், பிளாக் கீஸின் முதல் பத்து வருடங்களைப் பார்க்கச் சொல்வேன்.