கிராஸ்மையர் மணிப் பட்டறை, இன்ஸ்ப்ரூக்: ஒரு வார்ப்படக்காரன் பார்வையில்

இன்ஸ்ப்ரூக் வரும் நம் ஊர்க்காரர்கள் தங்கக் கூரைக்கு முன்னால் நின்று படம் எடுத்துக்கொண்டு, பழைய நகரத்துக் கடைகளைச் சுற்றிவிட்டு ரயில் ஏறிவிடுகிறார்கள். ரயில் நிலையத்திலிருந்து தெற்கே கொஞ்ச தூரம் நடந்தால் வில்ட்டன் பகுதி வரும். அங்கே லியோபோல்ட் தெருவில் கிராஸ்மையர் குடும்பத்தின் மணி வார்ப்புப் பட்டறையும் அதோடு சேர்ந்த அருங்காட்சியகமும் இருக்கின்றன. கோவையில் பம்பு வார்ப்படம் போடும் பவுண்டரியில் வேலை பார்த்தவன் நான். ஆஸ்திரியாவில் பார்த்தவற்றில் முதலிடம் எதற்கு என்று கேட்டால், யோசிக்காமல் இந்த இடத்தைத்தான் சொல்வேன்.

தொழில் தொடங்கியது 1599இல், ஓட்ஸ்டால் பள்ளத்தாக்கில். லண்டனில் கிழக்கிந்தியக் கம்பெனி பிறக்க இன்னும் ஓராண்டு இருந்தது. பார்ட்ல்மே கிராஸ்மையர் என்பவர் தொடங்கிவைத்தார். 1836இல் பட்டறை இன்ஸ்ப்ரூக்குக்கு வந்தது. இப்போது நடத்துவது அதே குடும்பத்தின் 14ஆம் தலைமுறை. சுவரில் தொங்கும் வம்சாவளியை விட எனக்கு முக்கியமாகப் பட்டது இதுதான்: இத்தனை தலைமுறைகளாகக் கைமாறி வந்த சொத்து மணியின் குறுக்குவெட்டு வடிவம். விளிம்பில் எவ்வளவு கனம், இடுப்பில் எவ்வளவு, தோளில் எவ்வளவு என்பதுதான் ஒலியைத் தீர்மானிக்கிறது. கணினி வருவதற்கு முன்பு அதைக் காதாலும் அனுபவத்தாலும்தான் கண்டுபிடித்திருக்கிறார்கள்.

அச்சு செய்யும் முறையை விளக்கும் பகுதியில்தான் அதிக நேரம் நின்றேன். எங்கள் தொழிலில் ஒரு மரப் பேட்டர்ன், அதாவது பொருளின் மாதிரி வடிவம், செய்துவிட்டால் ஆயிரம் அச்சு எடுக்கலாம். இங்கே கதையே வேறு. முதலில் செங்கல் அடுக்கி, அதன்மேல் களிமண் பூசி, உட்கூடு எழுப்புகிறார்கள். நடுவில் உள்ள தண்டைச் சுற்றி ஒரு பலகையைச் சுழற்றி வடிவம் கொண்டுவருகிறார்கள். களிமண்ணோடு குதிரைச் சாணமும் ஆட்டு ரோமமும் கலப்பது பழைய வழக்கம். காயும்போது வெடிக்காது, உலோகம் ஊற்றும்போது காற்று வெளியேறவும் வழி கிடைக்கும். அந்த உட்கூட்டின் மேல் களிமண்ணாலேயே ஒரு பொய் மணி. எழுத்தும் சித்திரமும் மெழுகில் செய்து அதில் ஒட்டுகிறார்கள். அதற்கும் மேல் வெளிக்கூடு. சூட்டில் மெழுகு உருகிவிட, வெளிக்கூட்டின் உட்புறத்தில் எழுத்துகள் பதிந்து நிற்கும். அப்புறம் வெளிக்கூட்டைத் தூக்கி, பொய் மணியை உடைத்து எடுத்துவிட்டு, கூட்டைத் திரும்ப இறக்கினால் நடுவில் இருக்கும் வெற்றிடம்தான் மணி. அடுத்த மணிக்கு எல்லாவற்றையும் முதலிலிருந்து செய்ய வேண்டும். ஒவ்வொரு மணிக்கும் ஒரு பேட்டர்னை உடைக்கிறார்கள் என்பதை நினைக்க நினைக்க எனக்கு மரியாதை கூடிக்கொண்டே போனது.

அச்சைக் குழியில் இறக்கி, சுற்றிலும் மண் போட்டு இறுக்கமாகத் திமிசு செய்வார்கள். இல்லாவிட்டால் உருகிய உலோகத்தின் அழுத்தம் அச்சையே தூக்கிவிடும். 1,100 டிகிரி வரை சூடான வெண்கலம். ஏறக்குறைய ஐந்தில் நான்கு பங்கு செம்பு, மீதி தகரம் (வெள்ளீயம்). தகரம் இவ்வளவு இருப்பதால்தான் ஓசை நீண்டு நிற்கிறது. அதனால்தான் ஓங்கி அடித்தால் விரிசலும் விடுகிறது. ஜெர்மன் மொழி பேசும் நாடுகளில் வெள்ளிக்கிழமை பிற்பகல் 3 மணிக்கு, ஏசு உயிர்விட்ட நேரத்தில், வார்ப்பது மரபு.

செம்பும் தகரமும் போருக்கும் வேண்டும். இரண்டு உலகப் போர்களிலும் தேவாலயக் கோபுரங்களிலிருந்து மணிகளை இறக்கி உருக்கினார்கள். இரண்டாம் போரில் மட்டும் ஐரோப்பா முழுவதும் லட்சத்துக்கு மேற்பட்ட மணிகள் போயின. ஊர்க்காரர்கள் காசு சேர்த்து வார்த்த மணி அது. குழந்தை பிறந்தாலும் பெரியவர் இறந்தாலும் அடித்த மணி. அதைக் கீழே இறக்கும்போது அவர்களுக்கு எப்படி இருந்திருக்கும்!

ஒலி அறையை அவசரமாகக் கடந்து போகாதீர்கள். இங்கே மணியைத் தட்டிக் கேட்கலாம். என் மனைவி பாட்டு டீச்சர். ஒரு மணியைத் தட்டிவிட்டுக் காதைப் பக்கத்தில் வைத்தவள், "சட்ஜத்தோட சாதாரண காந்தாரமும் கேக்குதுங்க" என்றாள். அடிச்சுரமான ச-வோடு சின்ன க-வும் சேர்ந்து ஒலிக்கிறது என்று பொருள். உண்மைதான். ஐரோப்பிய மணிகளில் அந்தக் காந்தாரம் வேண்டுமென்றே வரும்படிதான் வடிவம் அமைக்கிறார்கள். ஓசையில் ஒரு சோகம் ஒட்டியிருப்பதற்கு அதுவே காரணம். ஒரு ஸ்தாயி கீழே இறங்க வேண்டுமானால் விட்டம் இரண்டு மடங்கு, எடை எட்டு மடங்கு. இந்தக் கணக்கை மனத்தில் வைத்துக்கொண்டு, 2016இல் ருமேனியாவின் புகாரெஸ்ட் பேராலயத்துக்காக இவர்கள் வார்த்த மணியை நினைத்துப் பாருங்கள். 25 டன்! நாக்கு மட்டுமல்ல, மணியே ஊசலாடும்.

சரி, போகிறவர்களுக்கு: ஞாயிற்றுக்கிழமை மூடியிருக்கும், அதனால் வார நாளில் திட்டமிடுங்கள். உலோகம் ஊற்றுவது தினசரி நடக்கும் வேலையில்லை. அதைக் காட்டும் படம் ஓடும், உட்கார்ந்து முழுதாகப் பாருங்கள். குழந்தைகளைக் கட்டாயம் கூட்டிப் போங்கள், மணியைத் தட்டுவதற்கு யாரும் அவர்களைத் திட்டாத இடம் வேறெங்கே கிடைக்கும்? வார்ப்படத் தொழிலில் இருப்பவர்கள் இரண்டு மணி நேரமாவது ஒதுக்குங்கள்.