பிறவியில் வந்த பலமும் வரமாய் வந்த பலமும்: சூப்பர்மேன், கேப்டன் மார்வல் ஒப்பீடு

1938 ஜூன் தேதியிட்ட ‘ஆக்‌ஷன் காமிக்ஸ்’ முதல் இதழின் அட்டையில் சூப்பர்மேன் ஒரு பச்சைக் காரைத் தலைக்கு மேல் தூக்கிப் பாறையில் மோதி நொறுக்குகிறான். 1940 பிப்ரவரி தேதியிட்ட ‘விஸ் காமிக்ஸ்’ இரண்டாம் இதழின் அட்டையில், சிவப்பு உடையும் மார்பில் மின்னல் குறியும் அணிந்த கேப்டன் மார்வல் ஒரு காரைச் சுவரில் வீசியடிக்கிறான். உள்ளே இருந்தவர்கள் தெறித்து விழுகிறார்கள். இரண்டையும் அருகருகே வைத்துப் பார்ப்பவர்கள் பின்னது முன்னதைப் பார்த்துப் போட்டது என்று உடனே தீர்ப்பு எழுதிவிடுவார்கள். அட்டையைப் பொறுத்தவரை அதை மறுப்பது கடினம். ஆனால் உள்ளே உள்ள தோற்றக் கதைகளையும், அவற்றிலிருந்து முளைத்த பலம், பலவீனம், பகைவர் ஆகியவற்றையும் ஒப்பிட்டால் இவை இரண்டும் வெவ்வேறு இயந்திரங்கள் என்பதும், அவற்றுள் பின்னால் வந்ததே கூடுதல் கட்டுக்கோப்புடன் அமைந்தது என்பதும் தெரியும். (இங்கே பேசப்படுவது ஃபாசெட் பதிப்பகத்தின் கேப்டன் மார்வல், 1967-இல் மார்வல் நிறுவனம் அதே பெயரில் அறிமுகப்படுத்திய பாத்திரத்துக்கும் இவனுக்கும் பெயரைத் தவிர வேறு தொடர்பு இல்லை.)

ஜெர்ரி சீகலும் ஜோ ஷுஸ்டரும் படைத்த சூப்பர்மேனின் பிறப்புக்கு அந்த முதல் இதழ் ஒதுக்கிய இடம் ஒரே பக்கம்தான். முதுமையால் அழியும் தொலைதூரக் கிரகம் ஒன்றிலிருந்து ஒரு விஞ்ஞானி தம் கைக்குழந்தையை விண்கலத்தில் ஏற்றி அனுப்புகிறார். பூமியில் காரில் செல்லும் ஒருவர் அதைக் கண்டெடுக்க, குழந்தை அநாதை இல்லத்தில் வளர்கிறது. அந்தக் கிரகத்துக்குக் கிரிப்டான் என்ற பெயர்கூட 1939-இல் தொடங்கிய செய்தித்தாள் படத்தொடரில்தான் வந்தது. அன்றைய சூப்பர்மேனுக்குப் பறக்கத் தெரியாது. எட்டில் ஒரு பங்கு மைல் தூரம் தாவுவான், 20 மாடிக் கட்டடத்தைத் தாண்டுவான், எக்ஸ்பிரஸ் ரயிலைவிட வேகமாக ஓடுவான். வெடிக்கும் பீரங்கிக் குண்டைவிடக் குறைந்த எதுவும் அவன் தோலைத் துளைக்காது. தன் எடையைப் போல் பல மடங்கு சுமக்கும் எறும்பையும், நெடுந்தொலைவு தாவும் வெட்டுக்கிளியையும் காட்டி, இது நடக்கக்கூடியதே என்று அந்தப் பக்கத்திலேயே அறிவியல் விளக்கமும் கொடுத்தார்கள்.

அந்த எறும்பு விளக்கம் நீண்ட நாள் தாங்கவில்லை. வானொலித் தொடரும், 1941-இல் திரைக்கு வந்த கார்ட்டூன் படங்களும் அவனைப் பறக்க வைத்தன. வெப்பப் பார்வை, குளிர்காற்றாய் வீசும் மூச்சு என்று ஒவ்வொன்றாகச் சேர்ந்துகொண்டே போயின. இத்தனைக்கும் எறும்பைக் காட்டிச் சமாதானம் சொல்ல முடியாத நிலையில், 1960-களில் அவன் பலத்துக்கெல்லாம் மஞ்சள் சூரியனின் ஒளியே காரணம் என்ற விளக்கம் நிலைபெற்றது. ஆக, சூப்பர்மேனைப் பொறுத்தவரை முதலில் பலம் வந்தது. காரணம் பின்னால் தேடப்பட்டது.

பில் பார்க்கர் எழுதி சி.சி. பெக் வரைந்த கேப்டன் மார்வலின் கதையில் வரிசை தலைகீழ். செய்தித்தாள் விற்றுப் பிழைக்கும் பில்லி பேட்சன் என்ற அநாதைச் சிறுவன், சொத்துக்கு ஆசைப்பட்ட மாமனால் விரட்டப்பட்டு, சுரங்க ரயில் நிலையத்தில் உறங்குபவன். முகம் தெரியாத ஒருவன் அழைக்க, ஆளில்லாத விசித்திர ரயிலில் ஏறி ஒரு நிலவறை மண்டபத்துக்குப் போகிறான். அங்கே செருக்கு, பொறாமை, பேராசை, வெறுப்பு, சுயநலம், சோம்பல், அநீதி என்று மனிதகுலத்தின் ஏழு பகைகளும் சிலைகளாக நிற்கின்றன. 3,000 ஆண்டுகள் தீமையோடு போராடித் தளர்ந்த கிழவர் ஷஸாம் அரியணையில் அமர்ந்திருக்க, அவர் தலைக்கு மேலே ஒரு பெரிய கருங்கல் மெல்லிய நூலில் தொங்குகிறது. பொறுப்பைப் பையனிடம் ஒப்படைத்த கையோடு கல் விழுந்துவிடுகிறது. கிழவரின் பெயரை உரக்கச் சொன்னால் மின்னல் இறங்கிச் சிறுவன் வளர்ந்த வீரனாகிறான். மீண்டும் சொன்னால் பழையபடி சிறுவன்.

அந்தப் பெயரின் ஆறு ஆங்கில எழுத்துகளுக்கும் ஆறு கொடையாளர்கள் உண்டு: சாலமனின் ஞானம், ஹெர்குலிஸின் வலிமை, அட்லஸின் தாங்குதிறன், ஜீயஸின் ஆற்றல், அகிலீஸின் தீரம், மெர்குரியின் வேகம். ஒரு எபிரேய அரசனையும் கிரேக்க, ரோமானியப் புராணத்தாரையும் ஒரே பந்தியில் உட்கார வைத்த இந்தக் கூட்டணி ஆராய்ச்சிக்குத் தாங்காது. எட்டு வயது வாசகன் மனப்பாடம் செய்வதற்கு இதைவிடப் பொருத்தமான பட்டியலும் கிடையாது. சூப்பர்மேனின் ஆற்றல்கள் ஆண்டுதோறும் பெருகியபோது, இவனுடைய ஆற்றல்களுக்கு முதல் நாளிலேயே ஒரு வரம்பு விழுந்துவிட்டது.

பலவீனத்தில் இந்த வேறுபாடு இன்னும் துல்லியமாகத் தெரிகிறது. பிறவியிலேயே எல்லாம் வல்லவனாகிவிட்ட சூப்பர்மேனுக்குக் கதைக்காக ஓர் இடைஞ்சல் தேவைப்பட்டபோது அதை வெளியிலிருந்துதான் கொண்டுவர வேண்டியிருந்தது. அவனைப் பலமிழக்கச் செய்யும் கிரிப்டான் கனிமமான கிரிப்டானைட் 1943-இல் வானொலித் தொடரில் முளைத்து, 1949-இல்தான் காமிக்ஸ் பக்கங்களுக்கு வந்தது. பிறகு நிறத்துக்கு ஒரு விளைவாக அது பெருகியதை ஆசிரியர்களின் சலிப்புக்குச் சான்றாகவே நான் எண்ணுகிறேன். பில்லிக்கு இப்படி எதையும் தேட வேண்டியதில்லை. பலம் ஒரு சொல்லில் இருக்கிறது, சொல் வாயில் இருக்கிறது. வாயில் துணியை அடைத்துவிட்டால் உலகின் மாபெரும் வீரன் ஒரு சாதாரணப் பையன். அவன் கூட்டாளி ஃப்ரெடி ஃப்ரீமனின் நிலை இன்னும் விநோதமானது. கேப்டன் நாஜி என்ற பகைவனின் தாக்குதலில் கால் ஊனமான அந்தச் சிறுவன், ‘கேப்டன் மார்வல்’ என்று சொன்னால்தான் கேப்டன் மார்வல் ஜூனியராக மாறுவான்; அதனால் தன் வீரப்பெயரைத் தானே சொல்லி அறிமுகம் செய்துகொள்ள முடியாது, பாதியிலேயே மாற்றம் நிகழ்ந்துவிடும்.

பகைவர்களுக்கு வருவோம். வழுக்கைத் தலை விஞ்ஞானி என்றதும் சூப்பர்மேனின் எதிரி லெக்ஸ் லூதரைத்தான் இன்று எல்லோருக்கும் நினைவு வரும். ஆனால் 1940-இல் அறிமுகமான லூதருக்குச் செம்மயிர் இருந்தது. கேப்டன் மார்வலின் எதிரி டாக்டர் சிவானா முதல் கதையிலேயே வழுக்கையோடு வந்தவர். வில்லன்கள் விஷயத்தில் கடன் ஒரு பக்கமாக மட்டும் ஓடவில்லை என்பதற்கு இது ஒன்றே போதும்.

சரிநிகர் பலமுள்ள எதிரியைப் படைக்கும்போது சூப்பர்மேனின் கதை மேலும் இடறுகிறது. அவனுக்கு ஈடாக நிற்க இன்னொரு கிரிப்டான்வாசி வேண்டும். அவர்கள் வரவர ‘கடைசியாக எஞ்சியவன்’ என்ற சோகம் கரைகிறது. 1955-இல் கிரிப்டோ என்ற நாய், 1958-இல் புட்டியில் அடைபட்ட கான்டோர் நகரம், 1959-இல் சூப்பர்கேர்ள், 1961-இல் ஜெனரல் ஸாட் என்று பட்டியல் நீண்டபோது, அழிந்த கிரகத்தில் யார்தான் அழிந்தார்கள் என்று கேட்கத் தோன்றும். கேப்டன் மார்வலின் தரப்பில் அதே தேவைக்கு 1945-இல் எழுத்தாளர் ஆட்டோ பைண்டரும் பெக்கும் படைத்த பிளாக் ஆடம் வந்தான். பண்டை எகிப்தில் அதே கிழவரிடம் வரம் பெற்று, அதிகார வெறியால் கெட்டு, தொலைதூர விண்மீனுக்கு விரட்டப்பட்டு, பூமிக்குத் திரும்பிப் பறந்துவர 5,000 ஆண்டுகள் எடுத்துக்கொண்டவன். அடித்து வீழ்த்த முடியாத அவனைப் பேச்சில் ஏமாற்றி ‘ஷஸாம்’ என்று சொல்ல வைக்கிறார்கள். சொன்ன மாத்திரத்தில் பழைய மனித உருவம் திரும்ப, 5,000 ஆண்டு முதுமையும் ஒன்றாக வந்து சேர, அந்த இடத்திலேயே அவன் உதிர்ந்துபோகிறான். வில்லனின் பிறப்பு, பலம், முடிவு மூன்றும் ஒரே விதியிலிருந்து வருகின்றன. 1940-களின் சூப்பர்மேன் கதைகளில் இதற்கு ஈடான முடிவு எனக்குத் தெரிந்து இல்லை.

இருந்தும் தாக்குப்பிடித்தவன் சூப்பர்மேன்தான். 1941-இல் சூப்பர்மேனை வெளியிட்ட நேஷனல் நிறுவனம் (பின்னாளைய டி.சி.) தொடுத்த பதிப்புரிமை வழக்கில், 1951-இல் நீதிபதி லெர்னட் ஹேண்ட் அளித்த மேல்முறையீட்டுத் தீர்ப்பு ஃபாசெட்டுக்குப் பாதகமாக அமைந்தது. காமிக்ஸ் விற்பனையும் சரிந்திருந்த நிலையில், 1953-இல் ஃபாசெட் 4,00,000 டாலர் கொடுத்துச் சமரசம் செய்துகொண்டு கேப்டன் மார்வலை நிறுத்தியது. 1940-களின் நடுவில் இதழுக்குப் பத்து லட்சத்துக்கும் மேல் விற்ற பாத்திரம் அது. வழக்கு ஒரு பக்கம் இருக்க, கதை சார்ந்த காரணமும் உண்டு. சூப்பர்மேனின் தோற்றக் கதை தளர்வானது என்பதால் 1986-இல் எழுத்தாளரும் ஓவியருமான ஜான் பர்ன் செய்ததைப் போல ஒவ்வொரு தலைமுறையும் அதை அவிழ்த்து மறுபடி தைக்க முடிந்தது. கட்டுக்கோப்பான ஷஸாம் கதையிலோ, 1973 முதல் டி.சி. வெளியீடாக அவன் திரும்பி வந்த பிறகு, வீரனின் உடலுக்குள் இருப்பது சிறுவனின் மனமா, பெரியவனின் மனமா என்ற கேள்வியைத் தவிரப் புதிதாகத் தைக்க அதிக இடம் இருக்கவில்லை. முதல் ஓட்டத்தில் பல கேப்டன் மார்வல் கதைகளை எழுதிய பைண்டரே 1950-களில் சூப்பர்மேன் இதழ்களுக்கு மாறி, சூப்பர்கேர்ளையும் பிரெய்னியாக் என்ற வில்லனையும் படைக்க உதவினார்.

இருவரும் மோதினால்? டி.சி. உலகில் மந்திரத்துக்கு எதிராகச் சூப்பர்மேனுக்குத் தனிப் பாதுகாப்பு ஏதும் இல்லை. ஷஸாமின் மின்னலோ மந்திரத்தால் ஆனது. அந்தக் கணக்கில் என் வாக்கு கேப்டன் மார்வலுக்கே. 1996-இல் மார்க் வெயிட் எழுத அலெக்ஸ் ராஸ் தீட்டிய ‘கிங்டம் கம்’ தொடரில் அவன் அந்த மின்னலையே ஆயுதமாக்கி, பெயரைத் திரும்பத் திரும்பச் சொல்லி அதைச் சூப்பர்மேன் மீது இறக்குகிறான். கடைசியில் சூப்பர்மேன் அவனையே மின்னலின் பாதையில் பிடித்து நிறுத்த, அவன் மீண்டும் பில்லியாக மாறுகிறான். மறு சொல் வெளிவருமுன் சூப்பர்மேன் அவன் வாயைக் கையால் பொத்திவிடுகிறான்.