குழாய் உறையாமல் காக்கும் ஹீட்டிங் கேபிள்: எதை வாங்கலாம்?

கனடாவின் வின்னிபெக் போல மைனஸ் 30 டிகிரிக்கு இறங்கும் ஊர்களில், வெளிச்சுவரை ஒட்டி ஓடும் தண்ணீர்க் குழாய்க்கு ஹீட்டிங் கேபிள், அதாவது குழாயைச் சூடாக வைக்கும் மின்கம்பி, அவசியம். தண்ணீர் உறையும்போது சுமார் 9 சதவீதம் விரியும். ஐஸ் அடைப்புக்கும் மூடிய டேப்புக்கும் நடுவே சிக்கிய தண்ணீரின் அழுத்தம்தான் குழாயைப் பிளக்கிறது.

கடையில் இரண்டு வகை உண்டு. எப்போதும் ஒரே அளவில் சூடாகும் வகை மலிவு. ஆனால் ஒரு சுற்று இன்னொன்றின்மேல் பட்டால் அந்த இடம் கருகித் தீப்பிடிக்கலாம். தானாகச் சூட்டைக் கூட்டிக் குறைக்கும் வகையில், இரு கம்பிகளுக்கு நடுவே இருக்கும் கரி கலந்த பிளாஸ்டிக் குளிரில் அதிக மின்சாரத்தைக் கடத்தும், சூடானால் குறைக்கும். விலை கூடுதல்தான், இருந்தாலும் இதையே வாங்குங்கள். மீட்டருக்கு 16 வாட் என்றால், 7 மீட்டர் கேபிள் முழுச் சூட்டில் ஒரு நாளைக்கு 2.7 யூனிட் இழுக்கும்.

கேபிளைக் குழாயின் அடிப்பக்கமாக நேராக ஓட்டி, 30 செ.மீ.க்கு ஒருமுறை கண்ணாடியிழை ஒட்டு நாடா சுற்றவும். தெர்மோஸ்டாட் (குளிரைப் பொறுத்து கேபிளை ஆன், ஆஃப் செய்யும் கருவி) இருந்தால், அது குழாயின் மிகக் குளிர்ந்த இடத்தைத் தொட வேண்டும். அறைப்பக்கம் வைத்தால் கேபிள் ஆன் ஆகவே ஆகாது. பலர் கோட்டை விடுவது இங்கேதான். மேலே 13 மி.மீ. ஃபோம் உறை போடுங்கள், இல்லையேல் சூடு காற்றோடு போய்விடும். பிளக்கோடு வரும் கேபிளை நீளம் அதிகமென்று வெட்டவே கூடாது.

பெரிய குறை, கரண்ட் போனால் கேபிளும் நின்றுவிடும். அந்த நேரம் டேப்பை லேசாகத் திறந்து, நூல் போல ஒழுக விடுங்கள்.